ஷியானுக்குப் போகாத சாலை

சீன வரைபடத்தில் பெய்ஜிங் மேல் விரலை வைத்துத் தென்மேற்காக இழுத்துக்கொண்டே போனால் ஷியான் வரும். நடுவில் தைஹாங் மலைத்தொடர், மஞ்சளாறு, அதைத் தாண்டினால் தோங்குவான் கணவாய். நேராகப் பறந்தாலே தொள்ளாயிரம் கிலோமீட்டருக்குக் குறையாது. 1940இல் டோக்கியோவின் தோஹோ ஸ்டூடியோ இந்த இரண்டு ஊரையும் இணைத்து ஒரு ரோடு போடக் கிளம்பியது. கேமராவும் கதாநாயகனும் பாட்டும்தான் தளவாடம்.

படத்தின் பெயர் 'நெஸ்ஸா நோ சிகாய்'. சுடுமணல் சபதம் என்று தமிழாக்கிக்கொள்ளலாம். இயக்கியவர் வதனாபே குனியோ. ஜப்பானியப் படை பிடித்துவைத்திருந்த வட சீனத்தில் ஒரு ஜப்பானிய எஞ்சினியர் சாலை போடுகிறார். கம்யூனிஸ்டு கெரில்லாக்கள் குறுக்கே நிற்கிறார்கள். ஜப்பானில் சங்கீதம் படித்த பெய்ஜிங் பெரிய வீட்டுப் பெண் ஒருத்தி எஞ்சினியரை விரும்புகிறாள். சாலை வந்தால் சீனம் செழிக்கும், அதைத் தடுக்கிறவன் சீனத்துக்கே எதிரி என்பது படத்தின் வாதம்.

இதில் ஒரு சங்கடம். ஷியானை ஜப்பான் கடைசிவரை பிடிக்கவே இல்லை. படை 1938இல் மஞ்சளாற்றின் வடகரை வரை வந்தது. அங்கிருந்து எதிர்க்கரையிலுள்ள தோங்குவான் மேல் பீரங்கிக் குண்டுகளை வீசியது. ஷியான் மேல் விமானத்திலிருந்து குண்டு போட்டது. ஆற்றைத் தாண்டி அந்த ஊருக்குள் கால் வைக்கவில்லை. படம் பார்க்க டிக்கெட் வாங்கியவர்களிடம் விற்கப்பட்டது, மறுமுனை எதிரி கையில் இருந்த ஒரு ரோடு.

இந்தப் படம் என்ற பொருளின் கதையைச் சொல்வதானால் கற்பூரத்திலிருந்து தொடங்க வேண்டும். அன்றைய படச்சுருளின் அடிப்பொருள் நைட்ரோ செல்லுலோஸ். பஞ்சை நைட்ரிக் அமிலத்தில் ஊறவைத்து எடுப்பது. கொஞ்சம் அதிகம் ஊறினால் அதுவே துப்பாக்கி மருந்து. மொறமொறவென்று உடையும் அந்தச் சரக்கை வளைந்துகொடுக்க வைப்பது கற்பூரம், நம் ஆரத்தித் தட்டில் எரிகிற அதே கற்பூரம். அந்தக் காலத்தில் உலகச் சந்தைக்கு இயற்கைக் கற்பூரம் பெரும்பாலும் தைவான் மலைக்காடுகளிலிருந்து போனது. தைவான் 1895இலிருந்து ஜப்பானின் காலனி. 1899இல் அங்கே கற்பூர வியாபாரத்தை அரசே தன் ஏகபோகமாக்கிக்கொண்டது. அதனால்தான் ஜப்பானில் செல்லுலாய்டுத் தொழில் அவ்வளவு செழித்தது. அந்தத் தொழிலின் வயிற்றிலிருந்துதான் 1934இல் ஃபூஜி ஃபிலிம் பிறந்தது. சாம்ராஜ்யத்தைப் புகழும் படங்கள், முதல் காலனியின் கற்பூர மரம் கொடுத்த தொழிலில் வளர்ந்தவை.

எங்கள் பக்கத்து டூரிங் கொட்டகையில் படம் வருவதைப் 'பெட்டி வந்துடுச்சா' என்றுதான் கேட்பார்கள். பஸ் கூரையில் தகரப் பெட்டி இருக்கிறதா என்று பார்க்க ஒரு பையனை அனுப்புவார்கள். சுடுமணல் சபதத்தின் பெட்டிக்கும் அதுபோல ஒரு புறப்பாடு இருந்தது. ஆனால் அதற்கு முன்னால் கதையே ஒரு சுங்கச்சாவடியைத் தாண்ட வேண்டியிருந்தது. 1939 அக்டோபரில் நடைமுறைக்கு வந்த ஜப்பானியத் திரைப்படச் சட்டம், கேமரா சுழல்வதற்கு முன்பே கதையை அரசின் பார்வைக்கு வைக்கச் சொன்னது. இயக்குநருக்கும் நடிகருக்கும் உரிமம் வேண்டும். லாரி டிரைவருக்கு இருப்பதுபோல.

கதாநாயகன் ஹசேகவா கசுவோ. ஜப்பானியப் பெண்களின் கனவு முகம். அந்த முகத்தில்தான் 1937 நவம்பரில் ஒரு சம்பவம் நடந்தது. பழைய கம்பெனியை விட்டு தோஹோவுக்கு மாறியபோது யாரோ கூலிக்கு அமர்த்திய ஆள் ரேசரால் அவருடைய இடது கன்னத்தைக் கிழித்தான். தழும்பை மறைக்கும் மேக்கப்போடுதான் அவர் பிறகு காலமெல்லாம் நடித்தார். சீனத்து வெயிலில் சாலை போட வந்த எஞ்சினியரின் கன்னத்திலும் அந்தப் பூச்சு இருந்தது.

கதாநாயகி லி ஷியாங்லான். ஜப்பானிய உச்சரிப்பில் ரி கோரான். இவர்கள் இருவரும் சேர்ந்து நடித்த மூன்று படங்களைக் கண்டத் தொடர் என்பார்கள். 1939இல் 'வெண்ணிற ஆர்க்கிட் பாட்டு': நாயகன் தென்மஞ்சூரிய ரயில்வே ஊழியன். 1940இல் 'சீன இரவு': நாயகன் கப்பல் அதிகாரி. அதே ஆண்டு டிசம்பரின் கடைசியில் சுடுமணல் சபதம்: ரோடு எஞ்சினியர். ரயில், கப்பல், ரோடு. ஏதோ போக்குவரத்துத் துறையின் ஆண்டறிக்கையைக் காதல் கதையாக எழுதியது போலிருக்கிறது. சீனப் பெண் முதலில் வெறுப்பாள், பிறகு புரிந்துகொள்வாள், கடைசியில் காதலிப்பாள். 'சீன இரவில்' நாயகன் அவள் கன்னத்தில் அறைகிறான், அதன் பிறகு அவளுக்குக் காதல் வருகிறது. அடிக்கிற கைதான் அணைக்கும் என்று ஜப்பானிய ரசிகர்கள் நெகிழ்ந்தார்கள். சீன ரசிகர்களுக்கு அடி ஒரு அவமானம், அடித்தவனையே காதலிப்பது இன்னொரு அவமானம்.

இந்த நடிகை சீனப் பெண்ணே இல்லை. அன்று அது ஸ்டூடியோவுக்குத் தெரியும், ரசிகர்களுக்குத் தெரியாது.

1920இல் மஞ்சூரியாவில், பின்னாளில் ஷென்யாங் எனப்படும் ஃபெங்தியனுக்கு அருகே பிறந்தவர். பெயர் யமாகுச்சி யோஷிகோ. தந்தை தென்மஞ்சூரிய ரயில்வே ஊழியர்களுக்குச் சீன மொழி சொல்லிக்கொடுத்தவர். வளர்ந்த ஊர் ஃபூஷுன். அந்த ரயில்வேயின் நிலக்கரி ஊர் அது. திறந்தவெளிச் சுரங்கத்தில் மலையையே படிப்படியாக வெட்டி இறக்கியிருப்பார்கள். எஞ்சினியர்களும் கங்காணிகளும் அவர்களுக்குக் கீழே கூலிகளுமாக இருந்த ஊர். சுடுமணல் சபதம் செட் போட்டுக் காட்டிய உலகத்தில் அந்தப் பெண் ஏற்கெனவே வாழ்ந்திருந்தாள்.

1932 செப்டம்பரில் ஒரு இரவு சீன கெரில்லாக்கள் ஃபூஷுன் சுரங்கத்தைத் தாக்கினார்கள். வானம் சிவந்ததைச் சிறுமி பார்த்தாள். மறுநாள் ஜன்னல் வழியாக இன்னொன்றையும் பார்த்தாள். வீட்டெதிரே இருந்த திறந்த வெளியில் ஒரு சீனரை மரத்தில் கட்டிவைத்து ஜப்பானிய ராணுவப் போலீஸார் விசாரித்தார்கள். துப்பாக்கிக் கட்டையால் அடித்தார்கள். அவர் தலை தொங்கியது. முதுமையில் தன்வரலாற்றில் அதை எழுதியபோதும் அந்த ரத்தத்தின் நிறம் அவருக்கு மங்கியிருக்கவில்லை. தாக்கியவர்கள் அருகேயிருந்த பிங்திங்ஷான் கிராமம் வழியாகத்தான் வந்தார்கள், ஊரார் சொல்லவில்லை என்று படை அந்தக் கிராமத்தை ஒரே இடத்தில் கூட்டிச் சுட்டுக் கொன்றது. சீனத்தரப்புக் கணக்கு மூவாயிரம் பேர். எட்டு ஆண்டு கழித்து அதே பெண், சீனப் பெயரோடும் சீன உடையோடும் கேமரா முன் நின்று, ஜப்பானிய வேலைத்தளத்தைத் தாக்கும் சீனர்களுக்கு எதிர்த்தரப்பில் நடித்தாள்.

அவளைக் குற்றம் சொல்லி முடித்துவிடுவது எளிது. பதினெட்டு வயதில் ரேடியோவில் பாடிக்கொண்டிருந்தவளை மஞ்சூரியத் திரைப்படக் கழகம், சுருக்கமாக மான்ஏ, சீன நட்சத்திரமாக்கியது. தந்தையின் நண்பர், ஒரு சீன ஜெனரல், நட்புக்காக மகள்போலப் பாவித்துக் கொடுத்த பெயர் லி ஷியாங்லான். சடங்குக்காக வைத்த பெயர் தொழில் பெயரானது. 1938இல் முதன்முறையாக ஜப்பான் மண்ணில் இறங்கினாள். பாஸ்போர்ட்டில் யமாகுச்சி, உடம்பில் சீன உடை. முதல்தர இனத்தில் பிறந்துவிட்டு மூன்றாந்தர இனத்தின் உடையா என்று துறைமுகத்திலேயே போலீஸ்காரர் அதட்டினாராம். தாய்நாடு அவளுக்குச் சொன்ன முதல் வார்த்தை அது.

நிஜத்தில் சாலை எப்படி இருந்தது? படம் தயாரான அதே 1940 ஆகஸ்டில் வட சீனத்தில் கம்யூனிஸ்டுகளின் எட்டாம் பாதைப் படை நூறு ரெஜிமெண்டுப் போரைத் தொடங்கியது. ஷிஜியாசுவாங்கிலிருந்து தாயுவானுக்குப் போகும் ரயில் பாதை முதல் குறி. தண்டவாளத்தைப் பெயர்த்தார்கள், ஸ்லீப்பர் கட்டைகளை எரித்தார்கள், பாலங்களை வெடி வைத்துத் தகர்த்தார்கள், ஜிங்ஷிங் நிலக்கரிச் சுரங்கத்தை நாசமாக்கினார்கள். ரோடுகளுக்கும் இதே கதி. இரவில் கிராமத்தார் கடப்பாரையும் மண்வெட்டியுமாக வந்து ரோட்டை வெட்டிப் பள்ளமாக்குவார்கள். பகலில் ஜப்பானியர் அதே கிராமத்தாரைப் பிடித்துவந்து மண் கொட்டி நிரப்பச் சொல்வார்கள். ஒரே கை, ஒரே மண்வெட்டி.

கெரில்லாத் தளபதி லியூ போசெங் இந்த ரோடுகளுக்கு ஒரு விளக்கம் கொடுத்தார். ரயில் பாதை தூண், ரோடு சங்கிலி, கோட்டைக்கொத்தளம் பூட்டு, மூன்றும் சேர்ந்தால் கூண்டு என்றார். ரோட்டின் இரு பக்கமும் ஆழமாக அகழி வெட்டுவார்கள். கரைமேல் காவல் கோபுரம். குறுக்கே மாட்டுவண்டி போக முடியாது. ரோட்டுக்கு அந்தப் பக்கம் நிலம் வைத்திருந்த குடியானவனுக்கு அது போக்குவரத்து வசதி இல்லை, சுவர். அதே ரோட்டைத்தான் திரையில் சீனத்துக்குக் கொடுத்த சீதனம்போலக் காட்டினார்கள்.

படத்தைவிடப் பாட்டு வேகமாகப் போனது. கோகா மசாவோ இசை, சாய்ஜோ யாசோ வரிகள். ஜப்பானில் அந்தக் காலத்தில் இந்த இருவர் கூட்டு என்றாலே இசைத்தட்டு விற்றுவிடும். 'கட்டுமானப் பாட்டை' இட்டோ ஹிசாவோ கணீர்க் குரலில் பாடினார், கடப்பாரைத் தாளத்துக்கு ஏற்ற பாட்டு. லி ஷியாங்லானுக்கு 'சிவப்பு அல்லி', சபதம் எதுவும் இல்லாத வெறும் ஏக்கம். கட்டுமானப் பாட்டு போருடன் ஓய்ந்தது, அல்லிப் பாட்டு மிஞ்சியது.

படம் வெளியாகி ஏழு வாரத்தில், 1941 பிப்ரவரி 11 அன்று, டோக்கியோவின் நிச்சிகெகி அரங்கில் அவள் மேடையேறினாள். சாம்ராஜ்யம் பிறந்த நாள் என்று விடுமுறை விட்ட தினம். வரிசை அரங்கை ஏழரைச் சுற்று சுற்றியது என்பார்கள். தள்ளுமுள்ளு, கண்ணாடி உடைந்தது, கூட்டத்தைக் கலைக்கப் போலீஸ் தண்ணீர் பீய்ச்சியது. மகன்களைச் சீனப் போர்முனைக்கு அனுப்பிய நகரம், சீனப் பெண் என்று நம்பிய ஒருத்தியைப் பார்க்க முட்டி மோதியது. நேசிக்க ஒரு சீனம் வேண்டியிருந்தது அவர்களுக்கு. அந்தச் சீனமும் உள்நாட்டுத் தயாரிப்பு என்பது வேறு விஷயம்.

அடுத்த டிசம்பரில் போர் தெற்கே வந்தது. ஜப்பானியப் படங்களும் பாட்டுகளும் படையின் பின்னாலேயே மலாயாவுக்கும் சிங்கப்பூருக்கும் வந்தன. எஞ்சினியர்களும் வந்தார்கள். 1942இன் நடுவில் சயாமிலிருந்து பர்மாவுக்கு 415 கிலோமீட்டர் ரயில் பாதை தொடங்கியது, 1943 அக்டோபரில் இரு முனையும் சந்தித்தன. தோட்டங்களில் ரப்பர் பால் வெட்டிக்கொண்டிருந்த தமிழர்களை நல்ல சம்பளம், மூன்று மாத வேலை என்று சொல்லி லாரியில் ஏற்றினார்கள். பிறகு சொல்லாமலேயே ஏற்றினார்கள். ஆயிரம் ஆயிரமாகப் போனார்கள். காலராவிலும் பட்டினியிலும் செத்தவர்களுக்குக் கல்லறைகூட இல்லை. 'சயாமுக்குப் போனவர்' என்றால் மலாயாத் தமிழ்க் குடும்பங்களில் அதற்கு மேல் விளக்கம் கேட்க மாட்டார்கள். ரோடு போட வந்த அழகான எஞ்சினியரின் கதை தமிழரைத் தொட்ட இடம் அது.

அதே போர்க்காலத்தில் பெய்ஜிங்கில் ஒரு பத்திரிகையாளர் சந்திப்பு. லி ஷியாங்லான் ஷாங்ஹாயில் நடித்த படம் சீனர்களிடையே ஓடிய சமயம். கூட்டம் முடியும் நேரத்தில் ஒரு இளைஞர் எழுந்து கேட்டார்: சீனப் பெண்ணாக இருந்துகொண்டு சீனத்தை இழிவுபடுத்தும் அந்த ஜப்பானியப் படங்களில் ஏன் நடித்தீர்கள், உங்கள் மானம் எங்கே போனது? தான் ஜப்பானியப் பெண் என்று அன்று சொல்லிவிடத்தான் அவள் முன்பு நினைத்திருந்தாள். சொல்லாதே, கேட்பவர்கள் மனம் உடைந்துவிடும் என்று ஒரு மூத்த பத்திரிகையாளர் தடுத்திருந்தார். எழுந்து நின்று, விவரம் தெரியாத வயதில் செய்த தவறு, மன்னித்துக்கொள்ளுங்கள் என்றாள். அவை கைதட்டியது. செய்யாத துரோகத்துக்கு மன்னிப்பு, செய்த ஏமாற்றுக்குக் கைதட்டல்!

1945 ஆகஸ்டுக்குப் பிறகு பெட்டிகள் சிதறின. டோக்கியோவில் அமெரிக்க ஆக்கிரமிப்பு நிர்வாகம் 236 படங்களைப் பட்டியலிட்டுத் தடை செய்தது. அடுத்த வசந்தத்தில் சுருள்கள் தாமா ஆற்றங்கரையில் எரிந்தன. நைட்ரேட் சுருள் எரிவதைப் பார்த்தவர்களுக்குத் தெரியும், தண்ணீர் ஊற்றினாலும் அணையாது. எரிய வேண்டிய ஆக்ஸிஜன் அதற்குள்ளேயே இருக்கிறது. எரிக்காததில் ஒரு பங்கு கப்பலேறி வாஷிங்டன் போனது. அங்கே நூலகக் கிடங்கில் இருபது ஆண்டு கிடந்து, 1967இலிருந்து ஆயிரத்துக்கு மேற்பட்ட படங்கள் தாயகம் திரும்பின. நைட்ரேட்டுக்கு இன்னொரு சாவும் உண்டு. கிடங்கில் கிடந்தே தேன்போலக் கசிந்து, ஒட்டி, பழுப்புத் தூளாகிவிடும். இரண்டுக்கும் தப்பி சுடுமணல் சபதம் பிழைத்தது. இன்றும் பார்க்கலாம்.

நடிகைக்கும் பட்டியல் வந்தது. ஷாங்ஹாயில் சீன அரசு அவளைத் தேசத்துரோகி என்று பிடித்தது. சீனப் பெண் எதிரிக்கு உடந்தையானால் தண்டனை மரணம். ஜப்பானியப் பெண் என்றால் வழக்கே இல்லை. நிரூபிக்க ஒரு தாள் வேண்டும், குடும்பப் பதிவேட்டின் நகல். பெய்ஜிங்கில் பெற்றோரிடம் இருந்த அந்தத் தாளை, பள்ளிக்காலத் தோழியான லியூபா என்ற ருஷ்ய யூதப் பெண் ஒரு ஜப்பானிய பொம்மைக்குள் மறைத்து ஷாங்ஹாய்க்குச் சேர்த்தாள். 1946 பிப்ரவரியில் விடுதலை. அப்படியொரு பதிவேட்டில் பெயர் ஏறாத இன்னொரு யோஷிகோ உண்டு. மஞ்சு இளவரசியாகப் பிறந்து ஜப்பானியர் வீட்டில் வளர்ந்த கவாஷிமா யோஷிகோ. 1948இல் அவரைச் சுட்டார்கள். யமாகுச்சி ஊர் திரும்பி, அமெரிக்கப் படங்களில் ஷெர்லி யமாகுச்சியாகி, 1974இலிருந்து 18 ஆண்டு ஜப்பான் மேலவையில் உட்கார்ந்து, 2014இல் காலமானார்.

இத்தோடு கதையை நிறுத்தியிருப்பேன், மான்ஏ ஸ்டூடியோ இல்லையென்றால். சாங்சுனில் இருந்த அந்த ஸ்டூடியோவின் தலைவர் அமாகசு 1945 ஆகஸ்ட் 20 அன்று விஷம் குடித்துச் செத்தார். கேமரா, லேப், விளக்குகள் எல்லாம் கொஞ்சம் கொஞ்சமாகச் சீனக் கம்யூனிஸ்டுகள் கைக்கு வந்து வடகிழக்குத் திரைப்பட ஸ்டூடியோ ஆனது. இயக்கத் தெரிந்த ஆட்கள் வேண்டுமே. ஜப்பானியத் தொழில்நுட்பக்காரர்கள் பலரை அங்கேயே இருத்திக்கொண்டார்கள். அவர்களில் ஒருவர் கிஷி ஃபுமிகோ, படத்தொகுப்பாளர். அவரும் 1920இல் மஞ்சூரியாவில் பிறந்தவர்தான்.

1949இல் அந்த ஸ்டூடியோ புதிய சீனத்தின் முதல் கதைப்படத்தை எடுத்தது. பெயர் 'பாலம்'. உள்நாட்டுப் போரில் உடைந்த சோங்ஹுவா ஆற்று ரயில் பாலத்தைத் தொழிலாளிகள் செப்பனிடும் கதை. அதிலும் ஒரு எஞ்சினியர் வருகிறார், சீனர். தக்க உலை இல்லை, சாமான் இல்லை, கெடுவுக்குள் முடியாது என்று கையை விரிக்கிறார். ஃபர்னஸ் முன் வியர்த்து நிற்கிற தொழிலாளி முடித்துக் காட்டுகிறான். ஒன்பது ஆண்டுக்கு முன் ஊருக்கே வழிகாட்டியாக வந்த எஞ்சினியர் இங்கே பாடம் கேட்கிற மாணவன். பாலம் கெடுவுக்குள் முடிந்து ரயில் ஓடுகிறது.

அந்தப் படத்தின் வெட்டும் ஒட்டும் கிஷி ஃபுமிகோவின் மேசையில் நடந்தது. நெகட்டிவை விளக்குக்கு நேரே பிடித்து, கத்தரித்து, பசை தடவி, மூச்சை அடக்கி ஒட்டுகிற வேலை. பக்கத்தில் சீனப் பெண்கள் நின்று கற்றுக்கொண்டார்கள். பிறகு, சீனமே திரண்டு பார்த்த 'வெண்முடிப் பெண்' படத்தையும் அவர்தான் தொகுத்தார். 1953இல் ஜப்பான் திரும்பினார். சிவப்புச் சீனத்திலிருந்து வந்தவள் என்று ஸ்டூடியோக்கள் கதவைச் சாத்தின.

சீனத்தில் அவருக்கு வேறு பெயர் இருந்தது. அங்கே அவர் ஆன் ஃபூமெய்.